இரண்டு கதிரை

இருநூறு, முந்நூறு எண்டுதான் எனக்கு ஓடர் வரும்.
கலியாணம், அந்தியேட்டி, சாமத்தியவீடு,
எலெக்சனுக்கு ஒரு கிழமை.
இந்தப் பிள்ளை போனிலை கேட்டுது
இரண்டு கதிரை, ஒரு மேசை.
"ஆருக்குப் பிள்ளை?"
"தெரியாதண்ணை. வாற ஆக்களுக்கு."

கஸ்தூரியார் வீதியிலை நகைக்கடைக்கு மேலை
வெறும் மண்டபம். சுவரிலை ஒரு படமும் இல்லை.
மேசை விளிம்பிலை சைக்கிள் மணி ஒண்டைப் பூட்டிப்போட்டு
இதுதான் கண்காட்சி எண்டுது மிதுர்ஷா.
முன்பின் தெரியாத ரண்டு பேர்
பத்து நிமிசம் இருந்து கதைக்க வேணும்.
கேக்கக்கூடாததுகளை மட்டையிலை எழுதித் தொங்கவிட்டிருந்தது:
எவடம்?
எவடத்திலை எவடம்?
ஆற்றை ஆள்?
முந்தி எங்கை இருந்தனீங்கள்?
கேட்டால் மணி.

காலமை வந்த ரண்டு வாத்திமார்
வெயிலைப் பற்றிச் சொல்லி, மின்சாரக் காசைப் பற்றிச் சொல்லி
நாலாம் நிமிசம் மணி வாங்கிச்சினம்.
கம்பசிலை படிக்கிற பெடியன் வாயே திறக்கேல்லை,
சப்பாத்து நாடாவை அவிட்டு அவிட்டுக் கட்டினான்.
ஒருத்தர் கெட்டித்தனமாய்
"உங்கடை கோயில் கொடியேத்தம் எப்ப?" எண்டார்.
பிள்ளை கொஞ்சம் யோசிச்சு
அதுக்கும் அடிச்சுது.

மத்தியானம் ஆக்கள் இல்லை.
வாடகைக்குப் போன கதிரை சும்மா கிடந்தால் எனக்குப் பொறுக்காது.
போய் இருந்தன்.
எதிரிலை வந்திருந்தவவின்ரை கையிலை அடகுத் துண்டு;
கீழை கடை ரண்டரைக்குத்தான் திறக்குமாம்.
நான் இருமினன். அவவும் இருமினா.
ஆரைக் கண்டாலும் முதல் ஓடுற அந்தச் சொல்லு
நாக்கு நுனியிலை வந்து குந்திக்கொண்டு நிக்குது.
மீன்முள்ளு மாதிரி விழுங்கவும் ஏலாது.

"இந்தக் கதிரை நொண்டுது" எண்டா.
"ஓம், ஒரு செத்தவீட்டிலை மூண்டு பேர் ஒண்டா இருந்தவை."
"எந்தச் செத்தவீடு?"
ட்ரிங்.
சிரிச்சிட்டம்.

பிறகு அவ சொன்னா
ஈரச் சீலையைக் கொடியிலை போட முன்னம் உதறுற சத்தம்
தனக்கு நல்ல விருப்பமாம்.
மழை வருதெண்டு அவசரத்திலை கதிரை மடக்கேக்கை
வரிசையா ஒரு சத்தம் வரும், அது எனக்கு எண்டன்.
இதுக்கு மேலை ஒண்டும் கதைக்கேல்லை.
பேர் கேக்கவில்லை. மட்டையிலை பேர் இல்லை,
கேட்டிருக்கலாம்.

பின்னேரம் மடக்கினன்.
ஒண்டின்ரை இருக்கைத் தகட்டுக்கு அடியிலை
பச்சைப் பெயின்ரிலை ஒரு புள்ளி.
அப்பா வைச்சது.
சில ஒழுங்கையளுக்குப் புள்ளிக் கதிரைதான் போகும்,
திரும்பி வந்தாலும் வேறையாத்தான் அடுக்குவார்.
கணக்குக்கு எண்டு சொல்லுவார்.
அவர் செத்து ஒன்பது வருசம்.
அழிக்கப் பெயின்ற் வேணும், பெயின்ற் என்ன விலை எண்டு
நானும் எனக்குச் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறன்.
நொண்டுறதைத் திருப்பிப் பாத்தன்.
புள்ளி இல்லை.
அப்ப மற்றதிலை
பத்து நிமிசம் இருந்தது நான்.

ஓட்டோவிலை ஏத்தேக்கை போன்.
செத்தவீடு. நூற்றைம்பது கதிரை, பந்தல், இரவைக்கே.
அழுது அடைச்ச குரல்.
"எவடம்?" எண்டன்.
இறக்க இடம் தெரியத்தானே வேணும்.
ஒழுங்கையின்ரை பேரைச் சொன்னார். எழுதினன்.
அண்ணாந்து பாத்தன்;
மேலை யன்னலுக்குள்ளை பிள்ளை
மணியைக் கழட்டிக்கொண்டு நிண்டுது.

கொட்டிலிலை ஒரு அடுக்கு நூற்றிப் பத்து,
மற்ற அடுக்கு நாப்பது.
எல்லாத்தையும் ஏத்தெண்டு
வேலைக்கு நிக்கிற பெடியனுக்கு அடிச்சன்.
"எந்த அடுக்கண்ணை முதல்?" எண்டான்.
ஓட்டோ இரையுது.
கேக்கேல்லை எண்டன்.